துரை சமாதியில் இரண்டு பொட்டலம்

பாப்பாரப்பட்டியில் பேருந்து ஏறிக் கரட்டுப்புதூருக்கு ஒரு டிக்கெட் என்று கேட்டால் நடத்துநர் ஒரு நொடி யோசிப்பார். துரை பள்ளிக்கூடம் என்று கேட்டால் யோசிக்காமல் கிழித்துக் கொடுப்பார். ஊரின் பெயரை அந்தப் பள்ளிக்கூடம் விழுங்கி நெடுநாள் ஆகிறது. வெள்ளைக்காரர் ஆட்சியில் நிலம் அளக்க வந்த மார்லி துரை இங்கேயே குளிர்காய்ச்சலில் இறந்துபோனார் என்றும், அவர் தங்கியிருந்த கல் பங்களாவை அவருடைய சம்சாரம் பிள்ளைகள் படிக்கட்டும் என்று எழுதிக் கொடுத்துவிட்டுக் கப்பல் ஏறினார் என்றும் சொல்வார்கள். பள்ளிக்குப் பின்புறம் புளியமரத்தடியில் சுண்ணாம்பு பூசிய ஒரு மேடை இருக்கிறது. துரை அதற்குள் இருக்கிறார்.

இருக்கிறார் என்றால் சும்மா இல்லை. பொதுத்தேர்வு நாளில் குதிரையேறி ஒவ்வோர் அறையாகச் சுற்றுகிறார். பிட்டு வைத்திருப்பவன் கையை நடுங்க வைக்கிறார். கணக்கில் விழி பிதுங்கி உட்கார்ந்திருக்கும் பிள்ளையின் காதோரம் விடையைச் சொல்லிவிட்டுப் போகிறார், அதுவும் தமிழில். சுருட்டும் பிஸ்கட்டும் வைத்தால் மகிழ்ந்து போவார். கற்பூரம் காட்டினால் கோபித்துக்கொள்வார். இதையெல்லாம் கண்ணால் பார்த்தவர் யார் என்று கேட்டால் பக்கத்து ஊரில் ஒருவரைச் சொல்வார்கள். பக்கத்து ஊருக்குப் போனால் அவர் இந்த ஊரைக் கை காட்டுவார்.

ஆனால் ஒன்றை யாரும் மறுக்க முடியாது. பன்னிரண்டு வருடமாக அந்தப் பள்ளியில் பத்தாம் வகுப்பில் ஒரு பிள்ளைகூடத் தோற்கவில்லை. வாசலில் நூற்றுக்கு நூறு தேர்ச்சி என்று ஃபிளெக்ஸ் கட்டியிருக்கிறார்கள். சித்தேரி மலையிலிருந்துகூடப் பிள்ளைகளைக் கூட்டிவந்து, உறவுக்காரர் வீட்டில் தங்கவைத்துச் சேர்க்கிறார்கள். பெண் பார்க்க வருகிறவர்கள், பெண் துரை பள்ளியில் படித்தவள் என்று தெரிந்தால் காபியை மிச்சம் வைக்காமல் குடிக்கிறார்கள்.

இந்தப் பேரையெல்லாம் கட்டிக் காத்தது துரை இல்லை. பள்ளியின் பியூன் ஆண்டி.

ஆண்டிக்கு ஐம்பத்து மூன்று வயது. அவருடைய அப்பா இதே பள்ளியைக் கூட்டிப் பெருக்கியவர். ஆண்டியும் இங்கேதான் படித்தார். பத்தாவதில் கணக்கில் கோட்டை விட்டார். அந்தக் காலத்தில் துரைக்குப் பிள்ளைகள் மேல் இவ்வளவு அக்கறை வந்திருக்கவில்லை போலும். இரண்டு வருடம் பெங்களூரில் கட்டட வேலை பார்த்து, கொஞ்சம் கன்னடமும் நிறைய இருமலும் சேர்த்துக்கொண்டு திரும்பினார். அப்பா இறந்ததும் அவர் இடத்தில் வேலைக்குச் சேர்ந்தார். மணி அடிப்பது, கேட்டைத் திறப்பது, தலைமையாசிரியருக்கு டீ வாங்கி வருவது, எழுதத் தெரியாத பெற்றோருக்கு மனு எழுதிக் கொடுப்பது எல்லாம் அவர் வேலை. துரை சமாதிக்குச் சுண்ணாம்பு அடிப்பதும் அவர்தான். அதனால் ஊரில் அவரைத் துரையோட ஆள் என்பார்கள். அதில் அவருக்குக் கொஞ்சம் பெருமையும் இருந்தது.

பன்னிரண்டு வருடத்துக்கு முன்னால் மாதவராஜ் தலைமையாசிரியராக வந்தார். தேர்ச்சியைத் தூக்கி நிறுத்தாவிட்டால் பள்ளியை மூடிவிடுவோம் என்று நிர்வாகம் அவர் கழுத்தில் கத்தி வைத்திருந்தது. அவர் ஒரு சுலபமான வழி கண்டுபிடித்தார். தோற்கப் போகிற பிள்ளைகளை, பொதுத்தேர்வுக்குப் பெயர்ப்பட்டியல் அனுப்புவதற்கு முன்பே டிசி கொடுத்து அனுப்பிவிடுவது. தோற்கிற பிள்ளையே இல்லாத வகுப்பில் யார் தோற்பார்கள்? பள்ளி அனுப்பியதாக இருக்கக்கூடாது. பெற்றோரே சொந்த விருப்பத்தில் கேட்டு வாங்கியதாக ஒரு கடிதம் வேண்டும். முதல் வருடம் அதற்காக வரவழைக்கப்பட்ட ஒரு தகப்பன், என் பிள்ளையை மக்கு என்று சொல்ல நீ யார் என்று கேட்டு ஆபீஸ் மேசையைக் கவிழ்த்துவிட்டார். கை ஓங்கியவரைத் தடுக்கக் குறுக்கே விழுந்த ஆண்டிக்கு, அந்த நேரத்தில் வாயில் வந்தது ஒன்றுதான். வாத்தியார் சொல்வதை விடுங்கள், துரையிடம் பூக் கேட்டுவிடலாம் என்றார்.

நல்ல காரியத்துக்குக் கோயிலில் பூக் கேட்பது இந்தப் பக்கம் எல்லோரும் செய்வதுதான். ஒரு பொட்டலத்தில் வெள்ளை அரளி, இன்னொன்றில் செவ்வரளி. விவரம் தெரியாத ஒரு குழந்தையை விட்டு எடுக்கச் சொல்ல வேண்டும். வெள்ளை என்றால் உத்தரவு உண்டு. சிவப்பு என்றால் இல்லை. அன்றைக்குச் சிவப்பு வந்தது. மேசையைக் கவிழ்த்த அதே மனிதர் சமாதியைத் தொட்டுக் கும்பிட்டு, கண்ணைத் துடைத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டார். ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டிருந்த மாதவராஜ், மறுநாள் ஆண்டியைக் கூப்பிட்டு இனிமேல் இப்படியே செய்யலாம் என்றார். சிவப்பாகவே வரட்டும் என்று அவர் சொல்லவில்லை. வெள்ளை வந்துவிட்டால் சிக்கலாகிவிடுமே ஆண்டி என்று மட்டும் சொன்னார்.

அதற்குப் பிறகு இரண்டு பொட்டலத்திலும் செவ்வரளிதான். பிள்ளையின் சொந்தக்காரர்கள் பொட்டலம் கட்டக்கூடாது என்று ஆண்டி ஒரு விதி செய்தார். எடுக்காத பொட்டலத்தைப் பிரிக்கக்கூடாது, துரைக்கு ஆகாது என்று இன்னொரு விதி. இரண்டும் வெள்ளைக்காரர் காலத்திலிருந்தே வருகிற வழக்கம் என்று ஊர் நம்பியது. ஊர் இப்படித்தான், நேற்று முளைத்ததற்கு இன்றைக்கு நூறு வயது கொடுத்துவிடும்.

ஆண்டி கெட்டவர் இல்லை. இந்தக் கதையில் கஷ்டமே அதுதான். வாத்தியார் உன் பிள்ளை மக்கு என்று சொன்னால் தகப்பனுக்கு அவமானம். துரை வேண்டாம் என்று சொன்னால் அது விதி. அழுதுவிட்டு நிம்மதியாக வீட்டுக்குப் போவார்கள். அந்த நிம்மதியை நாம்தானே கொடுக்கிறோம் என்று ஆண்டி தன்னைத் தேற்றிக்கொண்டார். போன பிள்ளைகளில் பையன்கள் பேக்கரிக்கும் போர்வெல் லாரிக்கும் போனார்கள். பெண்பிள்ளைகள் தாலி கட்டிக்கொண்டார்கள். ஒவ்வொருவர் பெயரும் அவருக்கு மனப்பாடம். நினைக்க வேண்டாம் என்று நினைத்தாலும் மணி அடிக்கிற நேரத்தில் ஒவ்வொன்றாக வரும்.

பிறகு அவருடைய மகளின் முறை வந்தது.

மலர்விழி ஒரே மகள், கல்யாணமாகிப் பத்து வருடம் தவமிருந்து பெற்ற பிள்ளை. நர்சு ஆக வேண்டும் என்று ஆறாவதிலிருந்தே சொல்லிக்கொண்டிருந்தாள். தமிழும் அறிவியலும் தட்டுத்தடுமாறாமல் வந்தன. கணக்குதான் அப்பாவைக் கொண்டு பிறந்துவிட்டது. காலாண்டில் நூற்றுக்குப் பதினொன்று. மாதத் தேர்விலும் அதற்குப் பக்கத்தில்தான்.

மாதவராஜ் கதவைச் சாத்திவிட்டுத்தான் பேசினார். திங்கட்கிழமை பெயர்ப்பட்டியல் போகிறது, பாலக்கோடு ரோட்டில் புதிதாக வந்திருக்கும் இங்கிலீஷ் பள்ளி நம் பிள்ளைகளை வேனில் வாரிக்கொண்டு போகிறது, ஒரு பிள்ளை தோற்றாலும் அடுத்த வருடம் இங்கே எட்டு வாத்தியாருக்கு வேலை இருக்காது என்று விளக்கினார். ஆண்டி கையைப் பிசைந்துகொண்டு நின்றார். பிறகு, இத்தனை வருடத்தில் முதல் தடவையாக, முடியாது என்று ஒரு வார்த்தை அவர் வாயிலிருந்து வந்தது.

"நான் கையெழுத்துப் போட மாட்டன் சார். எம் புள்ள பரீட்ச எழுதணும்."

மாதவராஜ் கோபப்படவில்லை. வெள்ளிக்கிழமை எல்லோரும் வருகிற நேரத்தில் பூக் கேள், வெள்ளை வந்தால் நான் வாயைத் திறக்க மாட்டேன், ஒரு பிள்ளைதானே, தேர்வு வரைக்கும் நானே உட்காரவைத்துக் கணக்குச் சொல்லித் தருகிறேன் என்றார். ஆண்டிக்கு அவர் காலில் விழலாம் போல இருந்தது. இரண்டு பொட்டலம், இரண்டிலும் வெள்ளை அரளி. அவ்வளவுதானே. எத்தனையோ பேருக்குச் செய்த வேலை.

வீட்டில் சொன்னதும் மனைவி சாலம்மாள் கையெடுத்துக் கும்பிட்டாள். துரை மேல் அவளுக்கு இருக்கும் பக்தி கொஞ்சநஞ்சமல்ல. மகளின் மார்க்கைப் பார்த்ததிலிருந்தே அவள் பயந்துகொண்டுதான் இருந்தாள். அவளுடைய அண்ணன் பச்சியப்பன் வேறு, தன் மகன் ஓசூரில் கம்பெனி வேலைக்குப் போகிறான், தை பிறந்ததும் முடித்துவிடலாமா என்று மாதத்துக்கு ஒரு முறை கேட்டுக்கொண்டிருந்தார். பதினாறு வயதுப் பிள்ளைக்கு என்ன அவசரம் என்று ஆண்டி இதுவரை தட்டிக்கழித்து வந்தார். துரை சொன்னபடி நடக்கலாம் என்றாள் சாலம்மாள். வெள்ளை வந்தால் படிப்பு, சிவப்பு வந்தால் அண்ணன் மகன். இப்படி ஒரே மூச்சில் முடிவு செய்துவிட்டு, அடுத்து அவள் சொன்னதை ஆண்டி எதிர்பார்க்கவே இல்லை.

"நீங்க பொட்டலம் கட்டக்கூடாதுங்க. சொந்தக்காரங்க கட்டினா துரைக்கு ஆகாதுன்னு நீங்கதான சொல்வீங்க. குள்ளம்மாக்காகிட்டச் சொல்லிட்டு வந்துட்டன்."

குள்ளம்மாள் பள்ளி வாசலில் கூடை வைத்து வேகவைத்த கடலை விற்கிற பெண். அறுபது வயதிருக்கும். நான்கு வருடத்துக்கு முன்னால் அவளுடைய மகன் சின்னராஜுக்கு ஆண்டி பூக் கேட்டிருந்தார். சிவப்பு வந்தது. பையன் போர்வெல் லாரியில் வடக்கே போனான். எட்டு மாதத்தில் வலது கை குழாயில் நசுங்கி, மணிக்கட்டோடு எடுத்துவிட்டு வந்து சேர்ந்தான். இப்போது வீட்டில் கட்டிலில் உட்கார்ந்து செல்போன் பார்த்துக்கொண்டிருக்கிறான். அதற்குப் பிறகும் குள்ளம்மாள் ஒரு வெள்ளிக்கிழமைகூட விடாமல் துரைக்குச் சுருட்டு வைத்தாள். பரீட்சை எழுதித் தோற்றிருந்தால் என் மகன் தூக்குப் போட்டுக்கொண்டிருப்பான், துரைதான் உயிரோடு கொடுத்தார் என்று எல்லோரிடமும் சொல்வாள். அதைக் கேட்கும்போதெல்லாம் ஆண்டி மணியைத் துடைக்கப் போய்விடுவார்.

வெள்ளிக்கிழமை காலையில் ஆண்டி வழக்கத்தைவிட ஒரு மணி நேரம் முன்னதாகக் கேட்டைத் திறந்தார். குள்ளம்மாள் கூடையோடு வந்து, மடியில் கட்டிக்கொண்டு வந்த அரளிப் பூக்களை எடுத்து மேடைமேல் வைத்தாள். வெள்ளையில் ஒரு பிடி, சிவப்பில் ஒரு பிடி. நோட்டுத்தாளும் கொண்டுவந்திருந்தாள். சுற்றிலும் யாரும் இல்லை. ஆண்டி பக்கத்தில் போய் உட்கார்ந்தார். எப்படி ஆரம்பிப்பது என்று தெரியாமல் ஆரம்பித்தார்.

"அக்கா, ரெண்டுலயும் வெள்ளையே வெச்சிடுங்க. ஒங்க கால்ல உளுவறன்."

குள்ளம்மாள் தாளை மடிப்பதை நிறுத்தினாள். ஆண்டியின் முகத்தையே பார்த்தாள். அந்தப் பார்வையில் என்ன ஓடியது என்று ஆண்டிக்கு ஒரு நொடி பிந்தித்தான் புரிந்தது. சின்னராஜுக்கு வந்த சிவப்பை அவள் நினைத்துவிட்டாள்.

"அப்படிகூட வெக்கலாமா ஆண்டி?" என்று கேட்டாள் குள்ளம்மாள்.

பதிலுக்குக் காத்திராமல் அவள் பூக்களை மடியில் அள்ளிக்கொண்டு, மரத்துக்கு அந்தப் பக்கம் போய், அவருக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து பொட்டலம் கட்டினாள். அதற்குள் கேட் பக்கம் ஆட்கள் வரத் தொடங்கிவிட்டார்கள்.

துரையோட ஆள் வீட்டுப் பிள்ளைக்கே பூக் கேட்கிறார்கள் என்றால் கூட்டத்துக்குக் கேட்க வேண்டுமா? சுருட்டு வைக்க வந்தவர்கள், பிள்ளையைப் பள்ளியில் விட வந்தவர்கள், ரோட்டில் போனவர்கள் என்று நாற்பது ஐம்பது பேர் கூடிவிட்டார்கள். மாதவராஜ் ஜன்னலில் நின்றார். சாலம்மாள் மகளுக்குத் தலை நிறையக் கனகாம்பரம் வைத்துக் கூட்டிவந்திருந்தாள். மலர்விழி யாரையும் பார்க்காமல் சமாதியையே பார்த்துக்கொண்டு நின்றாள். உதடு மட்டும் அசைந்தது. குள்ளம்மாள் இரண்டு பொட்டலத்தையும் மேடையில் வைத்துவிட்டு விலகினாள். யாரோ ஒருத்தி தன் இடுப்பிலிருந்த மூன்று வயதுக் குழந்தையை இறக்கிவிட்டாள். அது மேடையில் கை ஊன்றி, ஒன்றைத் தொட்டு, விட்டுவிட்டு, மற்றதை எடுத்தது.

சாலம்மாள் பிரித்தாள். செவ்வரளி.

கூட்டம் உச்சுக்கொட்டியது. யாரோ மலர்விழியின் தோளைத் தட்டினார்கள். ஆண்டி குள்ளம்மாளைத் திரும்பிப் பார்த்தார். பழி வாங்கிவிட்டாள், மகன் கைக்கு ஈடாக என் பிள்ளையின் படிப்பை எடுத்துக்கொண்டாள், நான் செய்ததை எனக்கே செய்துவிட்டாள் என்று நினைத்தார். நினைத்ததும் அவருக்கு ஒரு வழியும் தெரிந்தது. மிச்சமிருக்கும் பொட்டலத்தைப் பிரித்துக் காட்டினால் போதும். இரண்டும் சிவப்பு என்று எல்லோரும் பார்ப்பார்கள். இத்தனை வருடம் நடந்ததும் இதுதான் என்று சொல்லிவிடலாம். வேலை போனால் போகட்டும், ஊர் அடித்தாலும் அடிக்கட்டும், மகள் பரீட்சை எழுதுவாள்.

ஆண்டி மேடைமேல் ஏறினார். செருப்பைக்கூடக் கழற்றவில்லை. கூட்டம் திடுக்கிட்டு அடங்கியது.

"துரையும் இல்ல, ஒண்ணும் இல்ல" என்றார். "பன்னண்டு வருசமா நான்தான் ரெண்டுலயும் செவப்பு வெச்சன். ஒங்க புள்ளைங்களை அனுப்பினது நான்தான். இப்பவும் ரெண்டும் செவப்புதான், பாருங்க."

பொட்டலத்தைக் கிழித்து உதறினார். வெள்ளை அரளி அவர் காலடியில் விழுந்தது.

ஆண்டி அந்தப் பூவைப் பார்த்தார், குள்ளம்மாளைப் பார்த்தார். அவள் தலையைக் குனிந்துகொண்டாள். பிறகு கூட்டத்தில் ஒருவர் வந்து ஆண்டியின் கையைப் பிடித்துக் கீழே இறக்கினார். திட்டவில்லை, அடிக்கவில்லை. பெத்த பாசம் பேச வைக்கிறது, விடுங்கள் என்றார். இன்னொருவர் செருப்புக்கால் பட்ட இடத்தைத் தண்ணீர் ஊற்றிக் கழுவினார். ரெண்டும் சிவப்பு என்று சொன்ன வாய்க்குத் துரை கையோடு பதில் காட்டிவிட்டார் பார்த்தீர்களா என்று பெண்கள் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். இத்தனை நாள் பொய்யை உண்மை என்று நம்பிய ஊர், அன்றைக்கு ஒரே ஒரு நாள் நியாயமாக நடந்ததைக் காட்டி, அவர் சொன்ன உண்மையைப் பொய்யாக்கியது. இதைவிடப் பெரிய தண்டனையைத் துரையே எழுந்து வந்தாலும் கொடுத்திருக்க முடியாது.

கூட்டம் கலைந்ததும் ஆண்டி மாதவராஜிடம் ஓடினார். வார்த்தை கொடுத்தீர்களே சார் என்று கெஞ்சினார். வெள்ளை வந்தால் என்றுதானே சொன்னேன், ஊரே பார்த்த பிறகு உன் பிள்ளையை மட்டும் உட்காரவைத்தால் மற்றவர்கள் என்னை விடுவார்களா என்றார் மாதவராஜ். கல்வி அலுவலகத்துக்கு எழுதிப் போடுவேன் என்றார் ஆண்டி. மாதவராஜ் பீரோவைத் திறந்து ஒரு ஃபைலை எடுத்து மேசையில் வைத்தார். எல்லாக் கடிதங்களும் இருந்தன. என் சொந்த விருப்பத்தின் பேரில் என் மகனை, என் மகளை. கீழே கைநாட்டோ கையெழுத்தோ பெற்றோருடையது. மேலே உள்ள எழுத்து முழுக்க ஆண்டியுடையது. மாதவராஜ் ஃபைலை மறுபடி உள்ளே வைத்தார். அவர் முகத்திலும் களை இல்லை.

கேட்டுக்கு வெளியே குள்ளம்மாள் கடலைக் கூடையை மூடி வைத்துவிட்டு உட்கார்ந்திருந்தாள். ஆண்டி போய் அவள் முன்னால் குந்தினார். நீங்கள் நம்புகிறீர்கள்தானே அக்கா, என் வீட்டுக்காரியிடம் வந்து ஒரு வார்த்தை சொல்லுங்கள், காலையில் நான் கேட்டதைச் சொல்லுங்கள் போதும் என்றார். குள்ளம்மாள் ரோட்டைப் பார்த்துக்கொண்டே பேசினாள்.

"எனக்கு ஒரு ஆசதான் ஆண்டி. ஒருவாட்டியாவது துரை வாயத் தொறந்து சொல்லட்டும்னு ஒண்ணு செவப்பு, ஒண்ணு வெள்ளன்னு ஒழுங்கா வெச்சன்." கூடையைப் பக்கத்தில் இழுத்து வைத்தாள். "ஒன் பொஞ்சாதிகிட்ட நான் சொன்னா, அது சாயந்திரத்துக்குள்ள எம் மவன் காதுக்குப் போயிடும். துரை சொல்லித்தான் போனோம்னு அந்த ஒண்ணுலதான் அவன் உசுரோட ஒக்காந்துட்டு இருக்கறான். அதையும் நான் புடுங்கணுமா?"

ஊரில் ஆண்டியை நம்பிய ஒரே ஆள் அவள்தான். அவளிடம்தான் கேட்கவே முடியாது.

ஞாயிற்றுக்கிழமை பச்சியப்பன் வந்தார். பூவும் பழமும் வாங்கி வந்திருந்தார். சாலம்மாள் இரண்டு நாளாகக் கணவனோடு பேசவில்லை. சமாதியில் செருப்புக்காலோடு ஏறியதை அவளால் தாங்கவே முடியவில்லை. அண்ணன் புறப்பட்டதும், நாளைக்கு ஆபீசில் கொடுக்க வேண்டும், கடிதத்தை எழுதிக் கொடுங்கள் என்று மட்டும் சொன்னாள். ஆண்டி எழுத மாட்டேன் என்றார். அவள் மறுபடி கேட்கவில்லை.

மகளைப் பின்பக்கம் தண்ணீர்த் தொட்டிக்கு அருகில் கூட்டிப்போய் உட்காரவைத்து, ஆண்டி எல்லாவற்றையும் சொன்னார். மேசை கவிழ்ந்த நாளிலிருந்து ஆரம்பித்தார். எந்தப் பிள்ளைக்கு எப்போது கட்டினார், செவ்வரளியை எந்தச் செடியில் பறித்தார், இரண்டு விதியையும் ஏன் செய்தார், குள்ளம்மாளிடம் என்ன கேட்டார், ஒன்றுவிடாமல் சொன்னார். சொல்லச் சொல்ல அழுதார். நீ போகாதே கண்ணு, அம்மா கையெழுத்துப் போட்டாலும் நீ மாட்டேன் என்று வகுப்பில் போய் உட்கார், யாராலும் உன்னை எழுப்ப முடியாது, சட்டம் உன் பக்கம் இருக்கிறது என்றார். மலர்விழி குறுக்கே பேசாமல் கேட்டாள். கடைசியில் தாவணி முனையால் அவர் முகத்தைத் துடைத்துவிட்டாள்.

"எனக்காவ இம்மாம் பெரிய பொய் சொல்றீங்களேப்பா" என்றாள். "எனக்குக் கணக்கு வராதுப்பா. எனக்கே தெரியும். துரை சரியாத்தான் சொல்லியிருக்கறாரு."

ஆண்டி பதறிப்போய் அவள் தலைமேல் கையை வைத்தார். உன் மேல் சத்தியமாகச் சொல்கிறேன் என்று ஆரம்பித்தார். அவள் வெடுக்கென்று அந்தக் கையைப் பிடித்து எடுத்துவிட்டாள். முதல் தடவையாக அவள் முகத்தில் பயம் தெரிந்தது.

"எந் தலைமேல பொய்ச் சத்தியம் பண்ணாதீங்கப்பா. எனக்கு ஏதாச்சும் ஆயிடும்."

எழுந்து உள்ளே போனாள். ஆண்டி தொட்டிக் கரையிலேயே இருந்தார். உள்ளே பள்ளிப் பையின் ஜிப் திறக்கும் சத்தம் கேட்டது. கொஞ்ச நேரம் கழித்து, எழுதியதை அம்மாவுக்கு அவள் படித்துக் காட்டுகிற குரல் வந்தது. மதிப்பிற்குரிய தலைமையாசிரியர் அவர்களுக்கு. என் சொந்த விருப்பத்தின் பேரில். கையெழுத்து எங்கே போட வேண்டும் என்று சாலம்மாள் கேட்டாள்.

ஆண்டி எழுந்து உள்ளே ஓடி, அந்தத் தாளைப் பிடுங்கி, கைக்கு வந்தபடி கிழித்துப் போட்டார். மூச்சு வாங்க நின்றார். மலர்விழி அவரைக் கோபமாகப் பார்க்கவில்லை. நோட்டிலிருந்து இன்னொரு தாளைக் கிழியாமல் மெதுவாக எடுத்து, தரையில் வைத்து, மேலே தேதியைப் போட்டு மறுபடி எழுத ஆரம்பித்தாள்.